தண்ணீரை யார் ஊற்றுவது?

டாஸ்மாக்கில் விற்கும் பிராந்தி, ரம், விஸ்கி பாட்டில்களில் எதை வேண்டுமானாலும் எடுத்து லேபிளைத் திருப்பிப் பாருங்கள். கம்பெனி மாறும், விலை மாறும், பாட்டிலின் அழகு மாறும். ஒரு எண் மட்டும் அநேகமாக மாறாது: 42.8. ஆல்கஹால் 42.8 சதவீதம். 40 இல்லை, 45 இல்லை. புள்ளிக்குப் பின்னால் ஒரு 8 வேறு.

எங்கள் தொழிலில் இதற்கு ஒரு பெயர் உண்டு, மேஜிக் நம்பர். பழைய ப்ரோக்ராமில் திடீரென்று ஒரு எண் உட்கார்ந்திருக்கும். ஏன் அந்த எண், யார் போட்டது, எதுவும் எழுதியிருக்காது. மாற்றினால் ஏதாவது உடைந்துவிடுமோ என்று யாரும் கை வைக்கமாட்டார்கள். 42.8 அப்படிப்பட்ட எண்தான். தோண்டிப் பார்த்தால் துப்பாக்கி மருந்து வரைக்கும் போகிறது.

தண்ணீர் கலக்காமல் குடிப்பதை நம்மூரில் 'ராவா அடிக்கிறது' என்பார்கள். அதில் ஒரு வீரம் இருப்பதாக நினைப்பு. ஆனால் ராவாக அடிப்பவரின் கிளாஸிலும் பாதிக்கு மேல் தண்ணீர்தான். அவருக்கு முன்னால் வேறு யாரோ ஊற்றிவிட்டார்கள். அமெரிக்காவில் கென்டக்கியில் காய்ச்சப்படும் பர்பன் விஸ்கியில் 'பேரல் ஸ்ட்ரெங்த்' என்று ஒரு வகை உண்டு. பீப்பாயிலிருந்து எடுத்த பிறகு தண்ணீரே சேர்க்காமல், இருந்த வீரியத்திலேயே பாட்டிலில் அடைப்பது. 60 சதவீதத்தைத் தாண்டுவது சாதாரணம். உலகம் முழுக்க அதற்கு ஒரு பக்தர் கூட்டமே இருக்கிறது. போதைதான் காரணம் என்றால் விஷயம் ரொம்பச் சின்னது. எனக்கு அந்தப் பாட்டில் ஒரு பழைய கேள்வியை எழுப்புகிறது: ஒரு மதுவில் தண்ணீர் ஊற்றும் உரிமை யாருடையது? காய்ச்சுபவருக்கா, வரி வாங்குபவருக்கா, குடிப்பவருக்கா?

*

காஞ்சிபுரத்திலிருந்தே ஆரம்பிக்கலாம். கச்சியை ஆண்ட தொண்டைமான் இளந்திரையனைக் கடியலூர் உருத்திரங்கண்ணனார் பாடியது பெரும்பாணாற்றுப்படை. பரிசு தேடிக் கச்சிக்குப் போகும் பாணனுக்கு வழி சொல்லும் பாட்டு. அந்த வழியில் வலையர் குடியிருப்பு வரும் இடத்தில் ஒரு மது செய்முறை இருக்கிறது. குற்றாத அரிசியைக் களியாகத் துழாவிக் காய்ச்சி, அகன்ற தட்டில் ஆறவிட்டு, அதில் முளையை இடித்துக் கலந்து, இரண்டு பகல் இரண்டு இரவு விட்டு, சாடியில் முற்றவைத்து, விரலால் அலைத்து அரித்து எடுப்பார்கள்.

கென்டக்கிக்காரர் ஒருவர் இதைப் படித்தால் 'இது எங்க வேலையாச்சே' என்பார். அங்கே அரிசிக்குப் பதில் மக்காச்சோளம். பர்பன் என்று பெயர் வைக்க தானியத்தில் குறைந்தது 51 சதவீதம் மக்காச்சோளம் இருக்கவேண்டும் என்பது சட்டம். அதைக் கூழாகக் காய்ச்சி, ஆறவைத்து, முளைகட்டிய பார்லியைச் சேர்ப்பார்கள். தானியம் முளைக்கும்போது உண்டாகும் நொதிகள்தான் மாவுச்சத்தைச் சர்க்கரையாக்கும். சர்க்கரையை ஈஸ்ட் ஆல்கஹாலாக்கும். சாடி வரைக்கும் கதை ஒன்றுதான். அதற்குப் பிறகு அவர்கள் அதை வாலையில் ஏற்றி வடிப்பார்கள். நம் வலையர் வடிக்கவில்லை.

இந்த வித்தியாசம் பெரியது. வடிக்காத மதுவின் வீரியத்தை நாள்தான் தீர்மானித்தது. சங்கப் பாடல்கள் கள்ளைப் புகழும்போது அது எவ்வளவு நாள் பட்டது, எவ்வளவு தெளிந்தது என்றுதான் சொல்கின்றன. மூங்கில் குழாயில் அடைத்து முற்றவைத்த தேறலுக்குத் தனி மரியாதை. தெளிந்தது என்பதே அதன் பெயர். நம் மொழியில் நல்ல சரக்கின் இலக்கணம் காலமும் தெளிவும்.

கி.பி. ஏழாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் முதலாம் மகேந்திரவர்மன் காஞ்சியைக் களமாக வைத்து மத்தவிலாசம் என்ற அங்கத நாடகத்தைச் சம்ஸ்கிருதத்தில் எழுதினான். பக்கத்தில் இருக்கும் மாமண்டூர்க் குகைக் கல்வெட்டிலும் இந்தப் பெயர் வருகிறது. சத்தியசோமன் என்ற காபாலிகனும் அவன் துணைவி தேவசோமாவும் குடித்துவிட்டுக் காஞ்சித் தெருக்களில் தள்ளாடுகிறார்கள். கள்ளுக்கடையைப் பார்த்து இது யாகசாலைபோல இருக்கிறதே என்று வியக்கிறான் காபாலிகன். பிறகு அவனுடைய மண்டையோட்டுப் பாத்திரம் தொலைந்துபோக, அகப்பட்ட பிக்குமேல் பழி விழுகிறது. கடைசியில் நாய் கவ்விப்போனது ஒரு பைத்தியக்காரனின் கையில் கிடைக்கிறது.

அந்த பிக்கு நாகசேனனுக்கு ஒரு சந்தேகம். இவ்வளவு கருணை உள்ள புத்தர் மதுவையும் பெண்களையும் விலக்கியிருப்பாரா? மூல நூலில் அனுமதி இருந்திருக்கும், பொறாமை பிடித்த கிழ பிக்குகள் அந்தப் பகுதியை எடுத்திருப்பார்கள், அந்த மூலம் கிடைத்தால் நன்றாக இருக்குமே என்று ஏங்குகிறான். பேரல் ஸ்ட்ரெங்த் தேடி அலைபவர்களின் மனநிலையை 1400 வருடம் முன்பே எங்கள் ஊர் ராஜா கேலி செய்திருக்கிறார். அசலில் யாரோ எதையோ கலந்துவிட்டார்கள், எனக்கு அசல்தான் வேண்டும்!

*

காஞ்சிபுரத்தில் பட்டு வாங்க வருபவர்களில் விவரம் தெரிந்தவர்கள் ஒரு நூலை உருவிக் கொளுத்திப் பார்ப்பார்கள். முடி கருகுகிற வாடை வந்து, தொட்டால் பொடியாக உதிர்ந்தால் பட்டு. உருகி உருண்டையாகக் கட்டிக்கொண்டால் பாலியெஸ்டர். சொல்லை நம்பாமல் நெருப்பை நம்புகிற பழக்கம்.

இங்கிலாந்தில் சாராயத்துக்கும் இதே சோதனை நடந்ததாகச் சொல்வார்கள். துப்பாக்கி மருந்தைச் சாராயத்தில் நனைத்துப் பற்றவைப்பது. பற்றினால் சரக்கு நிரூபணம் ஆகிவிட்டது. தண்ணீர் அதிகம் இருந்தால் மருந்து நமத்துப்போய் பற்றாது. 'ப்ரூஃப்' என்ற சொல் அங்கிருந்து வந்ததாகக் கதை. பிறகு துப்பாக்கி மருந்து போய் கருவி வந்தது. 1816இல் சைக்ஸ் என்பவரின் ஹைட்ரோமீட்டரை பிரிட்டிஷ் சட்டம் ஏற்றுக்கொண்டது. 51 டிகிரி ஃபாரன்ஹீட்டில் சம அளவு தண்ணீரின் எடையில் 13இல் 12 பங்கு எடையுள்ள சாராயம் 100 ப்ரூஃப். இன்றைய கணக்கில் அது 57.1 சதவீத ஆல்கஹால். அமெரிக்கர்கள் தலையைச் சுற்றாமல் 50 சதவீதத்தை 100 ப்ரூஃப் என்று வைத்துக்கொண்டார்கள்.

இப்போது கணக்கைப் போடுங்கள். பிரிட்டிஷ் ப்ரூஃபில் 75, அதாவது ப்ரூஃபுக்கு 25 டிகிரி கீழே. 57.1ஐ 0.75ஆல் பெருக்கினால் 42.8. மேஜிக் நம்பர் அவிழ்ந்துவிட்டது. பிரிட்டன் அந்த அளவையை எப்போதோ கைவிட்டுவிட்டது. நம் லேபிள் மட்டும் இன்னும் சைக்ஸின் கருவியில் அளந்துகொண்டிருக்கிறது.

அளந்தது எதற்காக? வரிக்காக. சாராயத்தில் இருக்கும் தண்ணீருக்கு வரி போடமுடியாது, ஆல்கஹாலுக்குப் போடலாம். அதற்கு உள்ளே எவ்வளவு இருக்கிறது என்று தெரியவேண்டும். சென்னை மாகாணத்தில் 1886இல் ஆப்காரிச் சட்டம் வந்தது. யார் காய்ச்சலாம், யார் மரம் ஏறிக் கள் இறக்கலாம், எங்கே விற்கலாம், எல்லாம் லைசென்ஸுக்குள் வந்தது. ஆப்காரி என்ற பாரசீகச் சொல்லில் 'ஆப்' என்றால் தண்ணீர். நாள் பட்டதா, தெளிந்ததா என்று கேட்ட ஊரில் எத்தனை டிகிரி என்று கேட்கும் அதிகாரி வந்து உட்கார்ந்தார்.

*

ஏறக்குறைய அதே காலத்தில் அமெரிக்காவில் வேறு விதமான சட்டம் வந்தது. வெறும் ஸ்பிரிட்டில் நிறமும் சுவையும் கலந்து பழைய விஸ்கி என்று ஏமாற்றி விற்பது அங்கே பெருகியிருந்தது. 1897இல் 'பாட்டில்ட் இன் பாண்ட்' சட்டம் வந்தது. ஒரே ஆலையில் ஒரே பருவத்தில் வடித்து, அரசாங்கக் கண்காணிப்பில் குறைந்தது நான்கு வருடம் பீப்பாயில் வைத்து, சரியாக 50 சதவீதத்தில் அடைத்தால் முத்திரை உண்டு. பெரிய ஆலைக்காரர்களுக்கு இதில் சுயலாபம் இருந்தது, வரியும் இருந்தது. இருந்தாலும் பாட்டிலுக்குள் இருப்பது லேபிளில் இருப்பதுதான் என்று குடிப்பவருக்குச் சொன்ன சட்டம் அது.

பேரல் ஸ்ட்ரெங்த்தும் இந்த மரபில் வந்ததுதான். வடித்த ஸ்பிரிட்டை உள்புறம் கரியாக்கிய புது ஓக் பீப்பாயில் ஊற்றுவார்கள். ஊற்றும்போது 62.5 சதவீதத்துக்கு மேல் இருக்கக்கூடாது. 1962க்கு முன் இந்த வரம்பு 55ஆக இருந்தது. ஆகவே அதிகமாக இருந்தால் பீப்பாய்க்குப் போகும் முன்பே தண்ணீர் சேர்ந்துவிடும். தண்ணீரே படாத அசல் என்று ஒன்று கிடையாது, நாகசேனனின் மூல நூல் மாதிரிதான். பீப்பாய்க்குப் பிறகு சேர்க்கவில்லை, அவ்ளோதான்.

பீப்பாய்க்குள் நடப்பது சுவாரசியமானது. மரம் மூச்சு விடும். வெயிலில் சாராயம் மரத்துக்குள் போகும், குளிரில் திரும்பி வரும். வரும்போது கரியடுக்குக்குப் பின்னால் இருக்கும் மரச்சர்க்கரை, வெனிலின், டானின் எல்லாவற்றையும் கூட்டிக்கொண்டு வரும். பர்பனின் நிறமும் இனிப்பு வாசனையும் இதுதான். வெளியே நிறம் சேர்க்க அனுமதி இல்லை. கென்டக்கிக் கிடங்குகளின் மேல்தளச் சூட்டில் ஆல்கஹாலைவிடத் தண்ணீர் வேகமாக ஆவியாவதால் வீரியம் வருடா வருடம் ஏறும். ஈரப்பதமுள்ள ஸ்காட்லாந்தில் நேர்மாறாக இறங்கும். ஆக, பாட்டிலில் இருக்கும் 63.4 மாதிரியான எண்ணை யாரும் நிர்ணயிக்கவில்லை. அந்தப் பீப்பாய்கள் எந்தத் தளத்தில், எத்தனை கோடை கண்டன என்பதன் விளைவு அது. சங்க காலத்துக் கணக்கு இன்னொரு கண்டத்தில் திரும்ப வந்ததுபோல எனக்குத் தோன்றும்.

ஜிம் பீமின் பேரனான புக்கர் நோ 1980களின் இறுதியில், தண்ணீர் சேர்க்காமல் வடிகட்டாமல் அடைத்த பாட்டில்களை முதலில் நண்பர்களுக்குப் பரிசாகக் கொடுத்தார். பிறகு அது கடைக்கு வந்தது, மற்றவர்களும் தொடர்ந்தார்கள். வியாபாரக் கணக்கில் இது விநோதம். 63 சதவீதச் சரக்கு ஒரு லிட்டரை 42.8க்கு இறக்கினால் ஏறக்குறைய ஒன்றரை லிட்டர் ஆகும். அந்த அரை லிட்டரை விட்டுக்கொடுக்கிறார்கள். அதற்கும் சேர்த்துத்தான் விலை வைக்கிறார்கள் என்பது வேறு விஷயம்.

இதை வாங்குபவர்கள் எல்லோரும் ராவாக அடிப்பதில்லை. பலர் சொட்டு சொட்டாகத் தண்ணீர் விட்டு, ஒவ்வொரு சொட்டுக்கும் முகர்ந்து பார்ப்பார்கள். வாசனை உண்மையிலேயே மாறுகிறது. ஸ்வீடனின் லின்னேயஸ் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த கார்ல்சன், ஃப்ரீட்மன் இருவரும் 2017இல் கம்ப்யூட்டர் சிமுலேஷனில் இதைப் பார்த்தார்கள். புகைவாசனை தரும் குவையகால் என்ற மூலக்கூறு, ஆல்கஹால் அதிகமாக இருக்கும்போது திரவத்துக்குள் முங்கிக் கிடக்கிறது. தண்ணீர் சேரச் சேர மேற்பரப்புக்கு வருகிறது. எந்தச் சொட்டில் நிறுத்துவது என்பதைக் குடிப்பவர் மூக்கு தீர்மானிக்கிறது. இந்த சரக்கின் வசீகரமே எனக்கு இதில்தான் இருக்கிறது. கடைசித் தண்ணீரை அவரிடமே விட்டுவிடுகிறார்கள்.

*

நம்மூருக்கு வருவோம். தமிழ்நாட்டில் விற்கும் சரக்கில் பெரும்பகுதிக்கு பேரல் ஸ்ட்ரெங்த் என்ற பேச்சே பொருந்தாது, ஏனென்றால் பேரலே கிடையாது. சர்க்கரை ஆலையின் மொலாசஸிலிருந்து 96 சதவீதம் வரை வடித்த, வாசனையே இல்லாத ஸ்பிரிட். அதில் தண்ணீர், எரித்த சர்க்கரையின் நிறம், எசென்ஸ். ஒரு லிட்டர் ஸ்பிரிட் இரண்டேகால் லிட்டர் சரக்காகும். லேபிளில் 42.8.

இந்தியாவில் பீப்பாய் வேலை நடக்காமல் இல்லை. பெங்களூரு அம்ருத் 2004இல் தன் விஸ்கியை ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோவிலேயே போய் அறிமுகம் செய்தது. ஸ்காட்லாந்தில் வருடத்துக்கு 2 சதவீதம் ஆவியாகும் இடத்தில் அங்கே 10 சதவீதத்துக்கு மேல் போகிறது. அவர்களும் தண்ணீர் சேர்க்காத பாட்டில் போடுகிறார்கள். இலங்கையில் தென்னங்கள்ளை வடித்து ஹல்மில்லா மரத் தொட்டிகளில் முதிரவைக்கிறார்கள். திருகோணமலை மரம் என்ற பெயரில் சென்னைக்கு வந்து மசூலா படகுகள் ஆன அதே மரம்.

தமிழ்நாட்டில் மாறிக்கொண்டே இருந்தது கடையின் கதவுதான். 1937இல் சேலத்தில் ராஜாஜியின் மதுவிலக்கு, 1948இல் மாகாணம் முழுக்க. 1971இல் கதவு திறந்தது, 1974இல் மூடியது, 1981இல் மறுபடி திறந்தது. 1983இல் டாஸ்மாக், 2003 முதல் சில்லறை விற்பனையும் அதனிடமே. நடுவில் 1987இல் கள் தடை செய்யப்பட்டது, இன்றுவரை நீடிக்கிறது. கலயத்தில் சுண்ணாம்பு தடவினால் பதநீர், தடவாவிட்டால் குற்றம். புதுக் கள்ளில் ஆல்கஹால் சுமார் 5 சதவீதம். அதே அளவு பீர் அரசு கடையில் கிடைக்கிறது, அதைப்போல எட்டு மடங்கு வீரியமும் கிடைக்கிறது. கள்ளில் கலப்படம் நடந்தது என்பதைத் தடைக்குக் காரணமாகச் சொல்வார்கள். நடந்திருக்கும். ஆனால் கலப்படத்துக்கு அமெரிக்கா 1897இல் கண்டுபிடித்த மருந்து முத்திரை. நாம் கண்டுபிடித்தது தடை.

2023 மே மாதம் மரக்காணத்திலும் செங்கல்பட்டு மாவட்டத்திலும் 20க்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். 2024 ஜூனில் கள்ளக்குறிச்சி கருணாபுரத்தில் 60க்கும் மேல். இரண்டிலும் மெத்தனால். உடம்பு அதை ஃபார்மிக் அமிலமாக்கும், முதலில் கண் போகும். பெரும்பாலும் கூலி வேலைக்குப் போகிறவர்கள். கடையில் க்வாட்டர் வாங்கக் காசு போதாதவர்களுக்குப் பாக்கெட்தான் கிடைத்தது.

எத்தனாலின் அடர்த்தி 0.789, மெத்தனாலின் அடர்த்தி 0.792. சைக்ஸின் ஹைட்ரோமீட்டரை அந்தப் பாக்கெட் சாராயத்தில் மிதக்கவிட்டிருந்தால் நல்ல சரக்கு என்றே காட்டியிருக்கும். துப்பாக்கி மருந்தை நனைத்திருந்தாலும் பற்றியிருக்கும். இருநூறு வருடமாக நாம் நம்பி வந்த சான்று, எவ்வளவு வீரியம் என்று மட்டும்தான் சொல்லும். உள்ளே இருப்பது என்ன என்று சொல்லாது. அதைச் சொல்ல ஊற்றியவரின் பெயர் வேண்டும்.

புக்கர் நோவின் பாட்டிலில் எந்தத் தொகுப்பு, எத்தனை வயது, எத்தனை சதவீதம் என்று எழுதியிருக்கிறது. பனைமரத்துக் கள்ளில் எதுவும் எழுதியிருக்காது, ஆனால் மரம் எது, ஏறியவர் யார் என்று குடித்தவருக்குத் தெரிந்திருந்தது. கருணாபுரத்துப் பாக்கெட்டில் இரண்டும் இல்லை.