லயனல் வென்ட்டும் 'சாங் ஆஃப் சிலோன்' படமும்: சில குறிப்புகள்

புளியந்தோப்பிலிருந்து புரசைவாக்கம் மில்லர்ஸ் ரோட்டுக்கு நடந்தே போய்விடலாம். நடராஜ முதலியார் 'கீசக வதம்' எடுத்தது அங்கேதான். தென்னிந்தியாவின் முதல் கதைப்படம். இன்று அதில் ஒரு அடி ஃபிலிம்கூட மிச்சமில்லை. 1931-இல் வந்த 'காளிதாஸ்' கதையும் அதேதான். ஆனால் 1934-இல் இலங்கையில் எடுத்த 'சாங் ஆஃப் சிலோன்' இன்றும் முழுசாகப் பார்க்கக் கிடைக்கிறது. அதில் பேசுவது ஒரு டச்சுப் பறங்கியர். பெயர் லயனல் வென்ட்.

ஒல்லாந்தர் என்றால் நம் பக்கம் பழவேற்காடு கல்லறைகளோடு பேச்சு முடிந்துவிடும். இலங்கையில் அப்படியில்லை. 1796-இல் கரையோரத்தை ஆங்கிலேயரிடம் பறிகொடுத்த பிறகும் பலர் அங்கேயே தங்கிவிட்டார்கள். அவர்கள் வழி வந்தவர்கள்தான் பறங்கியர். வென்ட் 1900-இல் கொழும்பில் பிறந்தார். அப்பா பறங்கியர், நீதிபதி. அம்மா சிங்களவர். பிள்ளையும் சட்டம் படித்தார். மனசு என்னவோ பியானோவிலும் கேமராவிலும்தான்.

படத்துக்குப் பணம் போட்டது சிலோன் தேயிலைப் பிரச்சார வாரியம். தயாரிப்பு ஜான் கிரியர்சன், இயக்கம் பேசில் ரைட். ரைட்டுக்கு ஊரைச் சுற்றிக்காட்டியவர் வென்ட். பிறகு லண்டன் போய்க் குரலும் கொடுத்தார். வாசித்தது ராபர்ட் நாக்ஸ் 1681-இல் வெளியிட்ட புத்தகத்திலிருந்து. கண்டியில் ஏறக்குறைய இருபது வருஷம் சிறைப்பட்டிருந்த ஆங்கிலேயர் அவர். 1935-இல் பிரஸ்ஸல்ஸில் படத்துக்குப் பரிசு கிடைத்தது. வென்ட்டின் திரை வாழ்க்கை என்று பேசுவதெல்லாம் இந்த ஒரு படத்தை வைத்துத்தான். முகம்கூட இல்லை, குரல் மட்டும்.

படத்தின் மூன்றாம் பகுதிதான் நமக்கு முக்கியம். தேயிலைத் தோட்டக் காட்சிகள் மேல் சந்தை விலையும் கப்பல் விவரமும் சொல்லும் குரல்கள் ஓடுகின்றன. அந்தத் தோட்டங்களில் கொழுந்து பறித்தவர்கள் பெரும்பாலும் நம் ஊர்களிலிருந்து போனவர்கள். அவர்கள் பெயர் படத்தில் எங்கும் கிடையாது. 1948 குடியுரிமைச் சட்டம் அவர்களை நாடற்றவர்களாக்கியது. 1964 சிரிமாவோ - சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கு என்று கணக்கெழுதியது. தலைமன்னாரில் கப்பலேறி ராமேஸ்வரத்தில் இறங்கியவர்களின் தாய், பாட்டி அந்தத் தலைமுறைதான்.

வென்ட்டும் ஆவணத்தில் முழுசாக இல்லை. 1944-இல் அவர் இறந்த பிறகு அவருடைய நெகட்டிவ்கள் அழிக்கப்பட்டன. எஞ்சிய பிரிண்டுகளிலிருந்துதான் 1950-இல் அவருடைய புகைப்படப் புத்தகம் வந்தது. ஆனால் குரல் பிழைத்துக்கொண்டது. காரணம், அது ஒரு வாரியத்தின் சொத்தாக லண்டனில் இருந்தது. நடராஜ முதலியாருக்குப் பின்னால் அப்படி எந்த அலுவலகமும் இல்லை.

ஆக, எது மிஞ்சுகிறது என்பதைத் தீர்மானிப்பது தரம் மட்டுமல்ல, யார் பீரோவில் இருந்தது என்பதும்தான். நம் மக்களின் பழைய படங்களைத் தேடுகிறவர்கள் சினிமாக் கம்பெனிகளோடு நின்றுவிடக் கூடாது. தேயிலை, துறைமுகம், மில் என்று அவர்களை வேலை வாங்கியவர்களின் பெட்டிகளையும் திறந்து பார்க்க வேண்டும்.