லட்லோ நிலக்கரிச் சுரங்க வேலைநிறுத்தம் (1913–14)

அமெரிக்காவின் கொலராடோ மாநிலத் தென்பகுதியில் நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளர்கள் 1913 செப்டம்பரில் தொடங்கிய போராட்டம். எதிர்த்தரப்பில் முதன்மையானது ராக்ஃபெல்லர் குடும்பத்தின் கட்டுப்பாட்டில் இருந்த 'கொலராடோ ஃப்யூயல் அண்ட் அயர்ன்' நிறுவனம்.

சங்க அங்கீகாரமும் கூலி உயர்வும் கேட்கப்பட்டன. ஆனால் ஆத்திரத்தின் வேர் எடைத்தராசில் இருந்தது எனலாம். வெட்டிய கரியின் எடைக்குத்தான் கூலி. கூரைக்கு முட்டுக் கொடுப்பதும் தண்டவாளம் போடுவதும் கணக்கில் வராது. எடை போடுபவரோ நிறுவனத்தின் ஆள். தாங்கள் தேர்ந்தெடுக்கும் ஒருவர் தராசருகே நிற்க வேண்டும், விரும்பிய கடையில் சாமான் வாங்கவும் விரும்பிய மருத்துவரிடம் போகவும் விட வேண்டும் என்றார்கள். கேட்டவற்றில் சில ஏற்கெனவே மாநிலச் சட்டத்தில் இருந்தவை என்பதுதான் வேடிக்கை.

நிறுவன வீடுகளிலிருந்து துரத்தப்பட்ட குடும்பங்கள் சங்கம் அமைத்த கூடாரங்களில் பனிக்காலத்தைக் கழித்தன. 1914 ஏப்ரல் 20 அன்று லட்லோ முகாம் மீது மாநிலக் காவற்படையினர் இயந்திரத் துப்பாக்கிகளால் சுட்டனர். மாலையில் கூடாரங்கள் எரிந்தன. ஒரு கூடாரத்தின் அடியில் தோண்டிய குழியில் பதுங்கியிருந்த 2 பெண்களும் 11 குழந்தைகளும் மூச்சுத் திணறி இறந்தனர். முகாம் தலைவரான கிரேக்கர் லூயிஸ் டிகாஸ் பிடிபட்ட பிறகு சுட்டுக் கொல்லப்பட்டார்.

கொதித்தெழுந்த தொழிலாளர்கள் ஆயுதமேந்திச் சுரங்கங்களைத் தாக்கினர். பத்து நாள் நீடித்த மோதலை அதிபர் வில்சன் அனுப்பிய படை அடக்கியது. அங்கீகாரம் கிடைக்காமலே 1914 டிசம்பரில் வேலைநிறுத்தம் கைவிடப்பட்டது. மறு ஆண்டு நிறுவனம் தொழிலாளர் பிரதிநிதித்துவத் திட்டம் ஒன்றைக் கொண்டுவந்தது. அதை வகுத்த மெக்கன்சி கிங் பின்னாளில் கனடாவின் பிரதமரானார்.