சிறு முதலும் பெரு வழியும்

ஒரு கலையின் வரலாற்றை எழுதப் புகுவோர், அதில் புகழ் பெற்ற நடிகர்களையும் பெருமுதலிட்ட அதிபர்களையுமே முதலில் நினைவுகூர்வர். அதற்கு வழி வெட்டியவரின் பெயர் பின்தங்கிவிடும். சாமிக்கண்ணு வின்சென்ட் அத்தகையவர். திரைப்படத்தின் நன்மை தீமை பற்றி நம் இல்லங்களில் கருத்து வேறுபாடு உண்டு. அதற்குத் தீர்ப்புக் கூற நாம் முற்படவில்லை. சிறு முதலைக்கொண்டு ஒரு தனிமனிதர் செய்ததையே இங்கு நோக்குகிறோம்.

1883இல் கோயம்புத்தூரில் பிறந்த வின்சென்ட், திருச்சிராப்பள்ளியில் தென்னிந்திய ரயில்வேயில் வரைவாளராகப் பணியாற்றினார். 1905இல் டூபாண்ட் என்னும் பிரெஞ்சுக்காரர் படம் காட்டிக்கொண்டு அந்நகருக்கு வந்தார். நோயுற்றுத் தாயகம் திரும்ப விரும்பிய அவரிடமிருந்து, படம் காட்டும் கருவியையும், இயேசுவின் வாழ்க்கை முதலான சில படங்களையும் சுமார் 2,000 ரூபாய்க்கு வின்சென்ட் வாங்கினார். மாதச் சம்பளக்காரர் ஒருவருக்கு அது பெருந்தொகை. அப்போது அவருக்கு வயது 22.

நத்ஹர் வலி தர்காவின் கந்தூரிக்கும், காவிரிக்கு அப்பால் திருவரங்கத்துத் திருவிழாவுக்கும் மக்கள் திரளும் நகரம் அது. கூத்தும் நாடகமும் கண்டு பழகியோருக்கு, வெண்திரையில் மனிதர் நடமாடுவது புதுமையாயிற்று. ஆயினும் புதுமை நெடுநாள் நிலைப்பதில்லை. ஓரூரில் சில நாட்களில் பழகிப்போன படம், அடுத்த ஊரில் புத்தம் புதியது. கூடாரத்தையும் கருவியையும் ரயிலில் ஏற்றிச் சென்றால், கைவசமுள்ள சில படங்களே பல ஊர்களுக்குப் போதும். சிறு முதல் பிழைத்த கணக்கு இதுவே. சரக்குடன் கப்பலேறிய நம் முன்னோரும் இக்கணக்கை அறிந்தவர்களே.

நிலையான வேலையைத் துறந்த வின்சென்ட், வடக்கே லாகூர், பேஷாவர் வரை சென்று படம் காட்டினார். தென்னாட்டில் கதைப்படம் எதுவும் உருவாகாத காலம் அது. 1914இல் கோயம்புத்தூரில் வெரைட்டி ஹால் என்னும் நிலையான அரங்கை எழுப்பினார். இன்றும் ஒரு சாலை அப்பெயரைத் தாங்கி நிற்கிறது. பேசும்படம் வந்தபின், கல்கத்தாவின் பயனியர் நிறுவனத்துடன் சேர்ந்து 1933இல் 'வள்ளி திருமணம்' படத்தைத் தயாரித்தார். 1942இல் மறைந்தார்.

படம் காட்டுவோர் ஊர் ஊராகச் சென்று மக்களைப் பழக்கியிராவிடில், பின்வந்த தயாரிப்பாளருக்குப் பார்வையாளர் கிடைத்திருப்பாரா? வின்சென்டின் பெயராவது நமக்கு எஞ்சியது. கையிருப்பை நம்பிக் கடைவைத்த, கடல்கடந்த நம் குடும்பத்துப் பெரியோர் எத்தனை பேரின் வரலாறு எழுதப்பட்டிருக்கிறது? அறிந்தோர் உயிருடனிருக்கும்போதே கேட்டு எழுதிவைப்பது நம் கடமையாகும்.