பெண் வேஷம் (தெருக்கூத்து)

தெருக்கூத்தில் ஆண் கலைஞர் பெண் பாத்திரம் ஏற்று ஆடுவது. செஞ்சி வட்டாரம் இக்கலையின் வளமான நிலம். செஞ்சி அருகே உள்ள மேலச்சேரியைத் திரௌபதி அம்மன் வழிபாட்டின் மூலத்தலமாகப் பக்தர்கள் போற்றுகின்றனர்.

துகில் உரியும் இரவில் திரௌபதியாக நிற்பவர் பகலில் ஏர் பிடிப்பவராக இருக்கலாம். சேலைக்கட்டு, கொண்டை, குரல், நடை எல்லாம் பயிற்சியில் வருபவை. பிறவிக்குணம் என்று நாம் நம்பும் பெண்மையில் எவ்வளவு பழக்கத்தால் அமைவது என்பதை ஊரே விடியவிடியக் காண்கிறது. துகிலுரியும் துச்சாதனன் வேஷக்காரர், சேலையைத் தொடுமுன் திரௌபதியை அம்மனாகக் கருதிக் கற்பூரம் ஏற்றி வணங்குவதுண்டு. அம்மனை இப்படிக் கும்பிட்ட அரங்கில் பெண்களுக்கு நெடுங்காலம் இடமில்லை. இது வேதனைக்குரிய முரண். பின்னர், கட்டைக்கூத்து என்றும் அழைக்கப்படும் இக்கலைக்காகக் காஞ்சிபுரம் பகுதியில் 1990இல் உருவான கட்டைக்கூத்துச் சங்கத்தின் குருகுலத்தில் சிறுமியரும் பயின்றனர். கிரீடமும் புஜக்கட்டையும் கட்டி ஆண் வேஷமும் ஆடினர்.