சைக்கிள் மீட்டர்: சக்கரச் சுற்றை எண்ணிய வரலாறு

சைக்கிள் மீட்டர் என்பது மிதிவண்டியின் வேகத்தையும் அது ஓடிய தொலைவையும் காட்டும் சிறு கருவி. ஆங்கிலத்தில் முதலில் சைக்கிளோமீட்டர் என்றும், மின்னணுக் காலத்துக்குப் பின் சைக்கிள் கம்ப்யூட்டர் என்றும் பெயர் பெற்றது. பெயர் எதுவானாலும் இக்கருவிக்குத் தொலைவு என்பது தெரியாது. அதற்குத் தெரிந்தது சக்கரம் எத்தனை முறை சுற்றியது என்பது மட்டுமே. ஒரு சுற்றுக்கு எவ்வளவு நீளம் என்பதை மனிதர்தான் அதற்குச் சொல்ல வேண்டும். சொன்ன எண் தவறானால், அதன் பின் காட்டும் எல்லா எண்ணும் தவறாகும். இக்கருவியின் வரலாற்றில் பெரும்பகுதி இந்த ஒரு எண்ணைச் சுற்றியே நடந்துள்ளது.

அளவுச் சக்கரம்

சக்கரத்தைக் கொண்டு வழியை அளப்பது மிதிவண்டியைவிட மிகப் பழையது. கி.மு. முதல் நூற்றாண்டைச் சேர்ந்த ரோமானியக் கட்டடக் கலைஞர் விட்ருவியஸ், வண்டியில் பொருத்தும் ஒரு தூரமானியைத் தம் நூலின் பத்தாம் பகுதியில் விவரித்திருக்கிறார். நான்கடி விட்டமுள்ள சக்கரம் ஒரு சுற்றுக்குப் பன்னிரண்டரை அடி செல்லும். 400 சுற்றில் 5000 அடி, அதாவது ஒரு ரோமானிய மைல். பற்சக்கரங்கள் 400 சுற்றைக் கணக்கிட்டு ஒரு கூழாங்கல்லைப் பாத்திரத்தில் விழச் செய்யும். பயணம் முடிந்ததும் கற்களை எண்ணினால் மைல் கணக்கு வந்துவிடும். சீனத்திலும் ஒவ்வொரு லீ தொலைவுக்கும் பறையடிக்கும் வண்டிகள் இருந்தன.

கிழக்கிந்தியக் கம்பெனியின் நில அளவையாளர்கள் பெரம்புலேட்டர் எனப்பட்ட ஒற்றை அளவுச் சக்கரத்தைக் கையால் தள்ளிக்கொண்டு வழிகளை அளந்தனர். படை செல்லும் பாதைகளுக்கு அது போதுமானது. ஆனால் மேடு பள்ளம் எல்லாவற்றிலும் இறங்கி ஏறுவதால் இரு ஊர்களுக்கிடையே உள்ள நேர்த் தொலைவைவிட அது கூடுதலாகவே காட்டும். வில்லியம் லாம்ப்டன் 1802 ஏப்ரலில் சென்னை பரங்கிமலை அருகே ஏறக்குறைய 12 கிலோமீட்டர் அடிக்கோட்டை அளந்தபோது சக்கரத்தை நம்பவில்லை. நூறடி எஃகுச் சங்கிலியைப் பயன்படுத்தி, வெப்பத்தால் சங்கிலி நீள்வதையும் கணக்கில் எடுத்துக்கொண்டார். அவர் தெற்கு நோக்கிக் கொண்டுசென்ற வானியல் நிலையங்களில் ஒன்று கோயம்புத்தூர்ப் பகுதியில் இருந்தது. ஆங்கிலக் குறிப்புகளில் புட்சபொலியம் என்று எழுதப்பட்ட அந்த ஊரின் அட்சரேகை ஏறத்தாழ 10 பாகை 59 கலை. இன்றைய திருப்பூரின் அட்சரேகைக்குச் சற்றே தெற்கு.

மைலுக்கு 720 சுற்று

பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் சம அளவுள்ள இரு சக்கரங்களும் காற்றடைத்த டயரும் கொண்ட மிதிவண்டி பரவியதும், எவ்வளவு ஓட்டினோம் என்று அறியும் ஆசையும் உடன் வந்தது. அமெரிக்காவின் கனெக்டிகட் மாநிலத்து ஹார்ட்ஃபோர்டு நகரம் கொலம்பியா மிதிவண்டிகளைச் செய்த போப் நிறுவனத்தின் ஊர். அங்கேயே கர்டிஸ் வீடர் என்ற பொறியாளர் 1890களின் நடுவில் தம் சிறிய சைக்கிளோமீட்டரை விற்பனைக்குக் கொண்டுவந்தார். முன்சக்கர அச்சுக்கு அருகில் அது பொருத்தப்பட்டது. ஆரக்கம்பி ஒன்றில் மாட்டிய சிறு முள், சக்கரம் சுற்றும் ஒவ்வொரு முறையும் மீட்டரின் நட்சத்திரப் பல்லைத் தட்டும். உள்ளே இருக்கும் பற்சக்கரங்கள் அதை மைலாக மாற்றும்.

கணக்கு எளிது. 28 அங்குலச் சக்கரத்தின் சுற்றளவு ஏறக்குறைய 88 அங்குலம். ஒரு மைலில் 63,360 அங்குலம். வகுத்தால் 720 சுற்று. இந்த 720 என்ற எண் பற்களாக வெட்டப்பட்டுக் கருவிக்குள்ளேயே நிலையாகிவிட்டது. மாற்ற வழியில்லை. 26 அங்குல வண்டிக்காரர் 28 அங்குல மீட்டரை வாங்கி மாட்டினால் மீட்டர் எப்போதும் கூடுதலாகவே சொல்லும். ஆகவே சக்கர அளவுக்கு ஒன்றாகத் தனித்தனி மாதிரிகள் விற்கப்பட்டன. மொத்தத் தொலைவு மட்டும் காட்டியவை முதலில் வந்தன. ஒரு பயணத்தைத் தனியே அளந்து, பின் பூஜ்ஜியத்துக்குத் திருப்பும் குமிழ் கொண்டவை அடுத்து வந்தன. ‘ரீசெட்’ என்ற செயல் மிதிவண்டிக்கு வந்தது இப்படித்தான்.

தறிக்குப் போன மீட்டர்

மிதிவண்டி மோகம் தணிந்த பின் வீடரின் நிறுவனம் எண்ணும் கருவிகளை வேறு துறைகளுக்குச் செய்யத் தொடங்கியது. 1928இல் அதே மாநிலத்தின் பிரிஸ்டல் நகரைச் சேர்ந்த ரூட் நிறுவனத்துடன் இணைந்து வீடர்-ரூட் ஆனது. பெட்ரோல் பங்குகளில் லிட்டரையும் விலையையும் காட்டிய இயந்திர மீட்டர்கள் பல இந்த நிறுவனத்தினுடையவை. அதைவிட நெசவுக்கு நெருக்கமானது அவர்களின் பிக் மீட்டர். தறியில் ஊடை இழை ஒவ்வொரு முறை பாய்வதும் ஒரு பிக். மூன்று ஷிப்டுக்கும் தனித்தனி எண் வரிசை வைத்த மீட்டர்களை அவர்கள் செய்தனர். ஒருவர் ஓட்டிய பிக் இன்னொருவர் கணக்கில் சேரக்கூடாது என்பதே காரணம். கூலி அந்த எண்ணைக் கொண்டு போடப்பட்டது.

பல்லடம், சோமனூர் வட்டாரத்து விசைத்தறிகளில் பிக் என்ற சொல் இன்றும் கூலிப் பேச்சின் சொல்தான். பல்லடம் ரகம், சோமனூர் ரகம் என்று பிரித்து, பிக்கை அடிப்படையாக வைத்துத் தறிக்காரர்களும் ஜவுளி உற்பத்தியாளர்களும் ஒப்பந்தம் போடுவது வழக்கம். பேசிய கூலி நடைமுறைக்கு வரவில்லை என்று 2022 ஜனவரியில் கோவை, திருப்பூர் மாவட்டத் தறிகள் நின்றன.

திருப்பூரின் பின்னலாடைப் பகுதியில் தறிக்குப் பதில் வட்டப் பின்னல் இயந்திரம். காங்கயம் சாலையில் உள்ள நல்லூர் தனி நகராட்சியாக இருந்து 2011இல் திருப்பூர் மாநகராட்சியுடன் சேர்ந்தது. அங்கும் சுற்றுப்புறத்திலும் உள்ள நிட்டிங் கூடங்களில் ஒவ்வொரு இயந்திரத்திலும் ஒரு சுற்று மீட்டர் உண்டு. இத்தனை சுற்று என்று வைத்துவிட்டால், அந்த எண் வந்ததும் இயந்திரம் நிற்கும். துணி ரோலை அறுத்து எடுத்துவிட்டு மீட்டரைப் பூஜ்ஜியத்துக்குத் திருப்புவார்கள். இங்கும் மீட்டருக்கு எடை தெரியாது, சுற்று மட்டுமே தெரியும். லூப் லெங்த்தை 2.8 மில்லிமீட்டரிலிருந்து 2.9க்கு மாற்றினால், அதே நூலில் அதே சுற்றுக்கு ரோல் ஏறக்குறைய மூன்றரை சதவீதம் கனத்துப்போகும். மீட்டரின் எண்ணை மாற்றாமல் விட்டால் ரோல்கள் ஒரே எடையில் வராது. மிதிவண்டியில் டயரை மாற்றிவிட்டு மீட்டரை மறப்பதும் இதே பிழைதான்.

வாடகை சைக்கிள் காலத்தில் மீட்டர் ஏன் இல்லை

முருகப்பா குழுமம் பிரிட்டனின் டியூப் இன்வெஸ்ட்மென்ட்ஸ் நிறுவனத்துடன் சேர்ந்து 1949இல் டி.ஐ. சைக்கிள்ஸைத் தொடங்கியது. அம்பத்தூர் ஆலையிலிருந்து ஹெர்குலிஸ், பி.எஸ்.ஏ. வண்டிகள் ஊரெங்கும் போயின. டைனமோ, பெல், காரியர், ஸ்டாண்டு, பூட்டு எல்லாம் வண்டியோடு பேசப்பட்ட காலத்திலும் மீட்டர் அரிதாகவே இருந்தது. விலை ஒரு காரணமாக இருக்கலாம். ஆனால் அதற்கு வேலையும் இருக்கவில்லை. வாடகை சைக்கிள் கடை மணிக்கணக்கில் காசு வாங்கியது. எடுத்த நேரம் நோட்டில் ஏறும், விட்ட நேரம் பார்த்துக் கழியும். எத்தனை தூரம் போனார் என்பது கடைக்காரருக்கு வேண்டாத சேதி. சாலையோரம் மைல்கற்கள் இருந்தன, அவற்றில் சில தமிழ் எண்களிலும் பொறிக்கப்பட்டவை. 1956ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி மெட்ரிக் முறை படிப்படியாக வந்து மைல் கிலோமீட்டராக மாறியது. மைலுக்கென்று பல் வெட்டிய பழைய மீட்டர்கள் அத்துடன் பொருந்தாமல் போயின.

காந்தமும் ரீட் சுவிட்சும்

பற்சக்கரம் போய்க் காந்தம் வந்ததே அடுத்த பெரிய மாற்றம். ரீட் சுவிட்ச் என்பது கண்ணாடிக் குழலுக்குள் இருக்கும் இரண்டு மெல்லிய உலோகத் தகடுகள். காந்தம் அருகில் வந்தால் ஒட்டும், விலகினால் பிரியும். பெல் ஆய்வுக்கூடத்தின் வால்டர் எல்வுட் 1930களில் தொலைபேசித் துறைக்காக இதை வடிவமைத்தார். 1980களில் ஜப்பானின் கேட்ஐ, அமெரிக்காவின் அவோசெட் போன்ற நிறுவனங்கள் இதை மிதிவண்டிக்குக் கொண்டுவந்தன. ஆரக்கம்பியில் காந்தம், முன் ஃபோர்க்கில் சுவிட்ச், ஹேண்டில்பாரில் திரை.

உரசல் இல்லை, தட்டும் சத்தம் இல்லை. முக்கியமான வேறுபாடு அதுவன்று. சுற்றளவு என்ற எண் பற்களிலிருந்து நினைவகத்துக்கு இடம்பெயர்ந்தது. ஒரே மீட்டர் எந்த வண்டிக்கும் பொருந்தலாயிற்று. 2136 மில்லிமீட்டர் என்று வைத்த மீட்டர், இரு துடிப்புகளுக்கிடையே 0.3 நொடி ஆனால் மணிக்கு 25.6 கிலோமீட்டர் என்று காட்டும். நினைவகம் பேட்டரியைச் சார்ந்தது. வீடரின் மீட்டர் மழையில் நனைந்தாலும் பத்தாண்டு கழிந்தாலும் 720ஐ மறக்காது. மின்னணு மீட்டரில் பழைய மாதிரிகள் பலவும் பேட்டரி கழற்றிய கணத்தில் சுற்றளவையும் மொத்தத் தொலைவையும் மறந்துவிடும்.

கம்பியில்லா மீட்டரை மீண்டும் அமைத்தல்

1990களில் ஃபோர்க்கிலிருந்து ஹேண்டில்பாருக்குப் போன மெல்லிய கம்பியும் நீங்கி, அதன் இடத்தில் ரேடியோ துடிப்பு வந்தது. தொடக்கக் கம்பியில்லா மீட்டர்களின் துடிப்புக்கு அடையாள எண் கிடையாது. இருவர் பக்கத்தில் பக்கத்தில் ஓட்டினால் ஒருவர் சென்சார் மற்றவர் திரையில் பேசும். பின்னர் வந்த டிஜிட்டல் மாதிரிகளில் ஒவ்வொரு சென்சாருக்கும் தனி எண் உண்டு, அதை மீட்டருடன் ஒருமுறை இணைக்க வேண்டும். இரண்டு பக்கமும் பேட்டரி இருப்பதால், திரை எரிந்தும் வேகம் பூஜ்ஜியத்தில் நின்றால் முதலில் பார்க்க வேண்டியது சென்சாரின் பேட்டரியை.

மீண்டும் அமைக்கும் முறை பெரும்பாலான மாதிரிகளில் ஒன்றுபோலவே இருக்கும். பின்புறம் குழிக்குள் உள்ள சிறு பொத்தானை அழுத்தினால் எல்லாம் அழியும். ஆகவே அழுத்தும் முன் பழைய சுற்றளவையும் மொத்தத் தொலைவையும் தாளில் குறித்துக்கொள்வது நல்லது. பிறகு கிலோமீட்டரா மைலா என்று கேட்கும், அடுத்து சுற்றளவு, பின் கடிகாரம். காந்தம் சென்சாரின் குறிக்கு நேராக, 5 மில்லிமீட்டருக்குள் கடந்து போக வேண்டும். எளிய அனலாக் மாதிரிகளில் சென்சாருக்கும் திரைக்கும் இடையே ஏறக்குறைய 60 சென்டிமீட்டருக்கு மேல் போனால் துடிப்பு எட்டாது.

சுற்றளவுக்கு அட்டவணை உண்டு. 700x28 டயருக்கு 2136, 26x1.95க்கு 2050, நம்மூர் 28x1½ கறுப்பு சைக்கிளுக்கு 2224. அட்டவணையைவிட நம்பகமானது தரையில் அளப்பது. வால்வு கீழே வரும்படி நிறுத்தித் தரையில் சாக்பீஸால் கோடு போட்டு, வழக்கமான காற்றழுத்தத்தில், ஆள் ஏறி உட்கார்ந்தபடியே ஒரு முழுச் சுற்று நேராக உருட்ட வேண்டும். ஆள் பாரத்தில் டயர் சற்று அமுங்குவதால் வெறும் வண்டியை உருட்டி அளந்தால் எண் கூடிவிடும்.

28x1½ வண்டியில் 2136 என்று வைத்து உண்மையில் 100 கிலோமீட்டர் ஓட்டினால் மீட்டர் 96 என்று சொல்லும். வேலைக்குப் போய்வரும் ஒருவருக்கு இது ஒன்றுமில்லை. பாரிஸ் ஆடாக்ஸ் கழகத்தின் விதிப்படி நடக்கும் பிரெவே நெடும்பயணங்களில் நிலை வேறு. 200 கிலோமீட்டரை 13½ மணி நேரத்திலும், 600ஐ 40 மணி நேரத்திலும் முடிக்க வேண்டும். இடைப்பட்ட சாவடிகளுக்கும் மூடும் நேரம் உண்டு. வழித்தாளில் ‘87.4 கிலோமீட்டரில் இடது’ என்று இருக்கும். நான்கு சதவீதம் குறைவாகக் காட்டும் மீட்டரை நம்பினால், அந்த எண் திரையில் வரும்போது திருப்பம் மூன்றரை கிலோமீட்டர் பின்னால் கிடக்கும். இரவில், பெயர்ப்பலகை இல்லாத கிராமச் சாலையில், திரும்பிவரும் அந்தத் தூரத்தையும் சேர்த்தால் ஏழு கிலோமீட்டர். சாவடி மூட அரை மணி இருக்கும் ஒருவருக்கு அத்துடன் அன்றைய பயணம் முடிந்தது.

செயற்கைக்கோளுக்குப் பின்

ஜி.பி.எஸ். சமிக்ஞையில் வேண்டுமென்றே புகுத்தியிருந்த பிழையை அமெரிக்கா 2000 மே மாதம் நீக்கியது. அதன்பின் கார்மின் போன்றவற்றின் ஜி.பி.எஸ். மீட்டர்களும் பின்னர் கைப்பேசிச் செயலிகளும் சுற்றளவே கேட்காமல் தொலைவைச் சொல்லத் தொடங்கின. ஆயினும் சக்கரச் சென்சார் ஒழியவில்லை. அடர்ந்த மரநிழலிலும் சுரங்கப் பாதையிலும் ஜி.பி.எஸ். தடுமாறும். வீட்டுக்குள் ரோலரில் பயிற்சி செய்பவரின் வண்டி இடத்தைவிட்டு நகர்வதே இல்லை. இன்றைய ஹப் சென்சார்களுக்குக் காந்தமும் தேவையில்லை. ஜி.பி.எஸ். மீட்டருடன் சேர்ந்தால், செயற்கைக்கோள் சொன்ன தொலைவைச் சுற்றுகளின் எண்ணிக்கையால் வகுத்துச் சுற்றளவைத் தாமே கண்டுகொள்பவையும் உண்டு. சாக்பீஸ் கோட்டைத் தரையில் போட்டு மனிதர் செய்த வேலையைத்தான் அவை சாலையிலேயே செய்கின்றன.