காட்ஃபிரட்சன், ஃபிளாய்ட் (1905–1986)

மிக்கி மவுஸ் நாளேட்டுச் சித்திரக்கதையை நாற்பத்தைந்து ஆண்டுகளுக்கு மேலாகத் தொடர்ந்து வரைந்த அமெரிக்க ஓவியர். யூட்டா மாநிலத்துக் கேஸ்வில்லில் 1905 மே 5 அன்று பிறந்தார். சிறுவயதில் வேட்டையின்போது நேர்ந்த விபத்தில் கை படுகாயமுற்று, நெடுநாள் வீட்டோடு இருக்க நேர்ந்த காலத்தில் சித்திரத்தில் ஈடுபாடு கொண்டு, தபால்வழிப் பாடங்களின் மூலம் கேலிச்சித்திரக் கலையைப் பயின்றார். 1928-இல் லாஸ் ஏஞ்சலஸ் சென்று, திரையரங்கில் படம் ஓட்டும் ஆபரேட்டராக ஜீவனம் நடத்திய பின், 1929 டிசம்பரில் டிஸ்னி நிறுவனத்தை அடைந்தார். அவருக்குச் சித்திரக்கதையிலேயே நாட்டமிருந்தும், அது ஓய்வறியாத உழைப்பைக் கோரும் துறையென்று கூறி வால்ட் டிஸ்னி அவரைக் கார்ட்டூன் படப் பிரிவிலேயே அமர்த்தினார்.

1930 ஜனவரி 13-இல் தொடங்கிய மிக்கித் தொடருக்கு டிஸ்னியே கதை எழுத, அப் ஐவர்க்ஸ் வரைந்தார். ஐவர்க்ஸ் விரைவில் நிறுவனத்தை விட்டு நீங்க, அவருக்குப்பின் வரைந்த வின் ஸ்மித்தும் சில மாதங்களில் விலகிவிட்டார். வேறொருவர் கிடைக்கும்வரை இரண்டு வாரங்களுக்குப் பார்த்துக்கொள்ளும்படி பணிக்கப்பெற்ற காட்ஃபிரட்சன், தமது இருபத்தைந்தாவது பிறந்தநாளில் மேற்கொண்ட அப்பொறுப்பை 1975 அக்டோபரில் ஓய்வு பெறும்வரை வகித்தார். மாதமொன்று கழிந்த பின்னர், இவ்வேலை தம்மிடமிருந்து பறிபோய்விடுமோ என்றே அவர் அஞ்சத் தொடங்கியிருந்தார் என்பது, அதில் அவர் மனம் எத்துணை லயித்துவிட்டது என்பதற்குச் சான்று.

1930களின் நெடுங்கதைகளே அவருடைய மேதைமைக்கு நிலைக்களன். டெட் ஆஸ்போர்ன், மெரில் டி மாரிஸ் முதலியோர் வசனம் எழுத, கதையின் போக்கைத் தாமே வகுத்து, திரையில் ஆடிப்பாடி விளையாடிய எலியை, பயந்தும் பின்வாங்காத, தோற்றும் மனந்தளராத சாகச வீரனாக அவர் உருமாற்றினார். 1939-இல் வெளிவந்த ஃபான்டம் பிளாட் கதையில், கரிய போர்வையால் உடல் முழுவதையும் மறைத்த ஒரு திருடன் புகைப்படக் கருவிகளை மட்டும் கவர்ந்து நொறுக்குகிறான். மரணத்தை நேரில் காணச் சகியாத அவன், மிக்கியைக் கொல்ல விசித்திரமான பொறிகளை அமைத்துவிட்டு அகன்றுவிடுவான். நான்கு சிறு கட்டங்களில் அன்றன்றைய நகைச்சுவையையும் மறுநாள்வரை நீடிக்கும் பரபரப்பையும் ஒருங்கே அடக்குவது எளிதன்று. அவருக்கு அது இயல்பாகவே கைவந்தது.

1943 முதல் பில் வால்ஷ் கதைப் பொறுப்பேற்க, விநோதக் கற்பனைகள் மிகுந்தன. 1955-இல், விநியோகித்த கிங் ஃபீச்சர்ஸ் நிறுவனத்தின் விருப்பப்படி தொடர்கதை நிறுத்தப்பெற்று, அன்றாடம் முடியும் துணுக்குகளே இடம்பெற்றன. இத்தகைய ஆற்றலை அது வீணாக்கியது என்றே சொல்லவேண்டும்.

சித்திரங்களில் வால்ட் டிஸ்னியின் கையொப்பமே காணப்பட்டமையால், 1960களில் ரசிகர் சிலர் விடாமுயற்சியுடன் தேடிக் கண்டறியும்வரை, வரைந்தவர் யாரென்று வாசக உலகம் அறியாதிருந்தது. அவர் 1986 ஜூலை 22-இல் காலமானார். 2003-இல் டிஸ்னி நிறுவனமும், 2006-இல் ஐஸ்னர் விருதுக் குழுவும் அவரைத் தத்தம் கௌரவப் பட்டியலில் சேர்த்தன.

அவருடைய பென்சில் கோடுகளுக்கு மையிட்ட டெட் த்வெய்ட்ஸ், பில் ரைட், ஆல் டாலியாஃபெரோ ஆகியோரையும் இங்கு நினைவுகூர்தல் நியாயமே. இவர்களுள் டாலியாஃபெரோ, 1938-இல் தொடங்கிய டொனால்ட் டக் நாளேட்டுத் தொடரை, அதே டிஸ்னி கையொப்பத்தின் கீழ், 1969-இல் தாம் மறையும்வரை வரைந்துவந்தார்.