மனிதவளத் துறை (இந்தியா)

நிறுவனங்களில் ஆள்சேர்ப்பு, ஊதியம், பயிற்சி, பணிவிலகல் ஆகியவற்றைக் கவனிக்கும் துறை. 2020 பொதுமுடக்கத்தில் வீட்டிலிருந்து வேலை பரவியது. பின்னர் வாரத்தில் சில நாள் அலுவலகம் வரும் கலப்பு முறை பல இடங்களில் நிலைபெற்றது. விண்ணப்பங்களை முதலில் சலித்தெடுப்பது இப்போது பெரும்பாலும் மென்பொருளே. எதிர்பார்த்த சொற்கள் இல்லையென்றால் தகுதியுள்ளவரும் விடுபடக்கூடும்.

ஐ.டி. நிறுவனங்கள் பலவற்றில் பணிவிலகல் முன்னறிவிப்புக் காலம் 90 நாள். அதற்குள் கூடுதல் சம்பளம் தரும் வேறிடம் கிடைத்து, பணி ஆணை பெற்றவர் சேராமலே போவது ஆள்சேர்ப்போருக்குத் தீராத தலைவலி. இரட்டை வேலை மற்றொரு சிக்கல்: 2022இல் விப்ரோ இதற்காக 300 பேரை நீக்கியதாக அறிவித்தது. வருங்கால வைப்பு நிதியின் 12 இலக்க யுஏஎன் கணக்கில் ஒரே மாதத்துக்கு இரு நிறுவனங்களின் சந்தா இருந்தால் குட்டு வெளிப்பட்டுவிடும்.

மத்திய அரசின் 29 தொழிலாளர் சட்டங்களை ஒருங்கிணைத்த 4 தொகுப்புகள் 2025 நவம்பர் 21இல் நடைமுறைக்கு வந்தன. இவற்றின்படி, படிகள் மொத்தச் சம்பளத்தில் பாதியைத் தாண்டினால், மிகுதியும் ஊதியமாகவே கணக்கிடப்படும். இதனால் சம்பளக் கட்டமைப்பை மாற்றியமைக்க வேண்டியதாயிற்று. அனைவருக்கும் பணி நியமனக் கடிதம் கட்டாயம். குறித்த காலத்துக்கு அமர்த்தப்படும் ஊழியருக்கு ஓராண்டுப் பணியிலேயே பணிக்கொடை உரிமை உண்டு.